வடைத் தட்டும் கணக்கு நோட்டும்

மடியில் வடைத் தட்டு இருந்தது. அதனால் சீட் பெல்ட் போடவில்லை. ஐந்தே முக்கால் வருடம் கழித்து, தென்னாப்பிரிக்காவில், டர்பன் உயர் நீதிமன்றத்தில் அந்தத் தட்டுக்கு விலை தெரிந்தது: 1,35,800 ராண்ட். என் நஷ்டஈட்டில் அவ்வளவு கழிந்தது.

2016 தைப்பூசக் காவடி முடிந்து அடுத்த ஞாயிற்றுக்கிழமை. சொந்தக்காரர் வீட்டுப் பூசைக்கு நூற்றைம்பது வடை ஆர்டர். அத்தானுடைய பக்கியில் முன்சீட்டில் மூன்று பேர். பிக்கப் வண்டிக்கு எங்கள் ஊரில் பக்கி என்றுதான் பெயர், தமிழ்நாட்டுக்காரர்கள் சிரிக்க வேண்டாம். அத்தான் ஓட்ட, அக்கா நடுவில், நான் ஜன்னலோரம். டர்பனின் சாட்ஸ்வொர்த்தில் ஒரு சந்திப்பில், ரோபோ மஞ்சளுக்கு மாறும் நேரம், அத்தான் வலப்பக்கம் திருப்பினார். எதிரே வந்த மினிபஸ் டாக்சி நிற்கவில்லை. (சிக்னல் விளக்குக்கு ரோபோ என்பதும் எங்கள் ஊர் வழக்கம்தான்.) தட்டைப் பிடித்திருந்த வலது கை டேஷ்போர்டில் போய் மோதியது. அக்காவுக்கு உதடு மட்டும் கிழிந்தது. அத்தானுக்கு ஒன்றும் இல்லை. எனக்கு மணிக்கட்டு எலும்பு பல துண்டு. பிளேட், எட்டு ஸ்க்ரூ.

எனக்கு அப்போது 41 வயது. வீட்டிலிருந்தே சமோசா, முறுக்கு, அதிரசம், வடை செய்து விற்பதுதான் தொழில். ஒரு நாளைக்கு முந்நூறு சமோசா மடிப்பேன். அந்த மடிப்பில் மணிக்கட்டு எத்தனை முறை திரும்பும் என்று அதுவரை நான் யோசித்ததே இல்லை. பிறகு ஒரு தெரபிஸ்ட் உட்கார்ந்து எண்ணிச் சொன்னார்.

வார்டில் மூன்றாம் நாளே ஒருவர் பழக்கூடையோடு வந்துவிட்டார். யாரோ ஒரு வக்கீலின் ஆள். "ஆன்டி, எல்லாம் நாங்க பாத்துக்கறோம், இங்க ஒரு கையெழுத்து போடுங்க." வலது கை கட்டுப்போட்டு இருக்கிறது, இடது கையால் கிறுக்கினேன். எதில் போட்டேன் என்று தெரியாது. ஒன்றரை வருடம் அந்த அலுவலகத்திலிருந்து ஒரு போன் கூட இல்லை. அப்புறம் மகள் போய்ச் சண்டை போட்டு ஃபைலை வாங்கி வந்தாள். உள்ளே இருந்தது என் அடையாள அட்டை நகல் மட்டும்தான். பழக்கூடையோடு வருகிறவர் கொண்டுவரும் காகிதத்தில், வலி மாத்திரை மயக்கத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். இதற்கு மேல் அந்த ஆளைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை.

புது வக்கீல் டர்பன் பக்கத்து ஃபீனிக்ஸைச் சேர்ந்த பெண், என் மகளை விடப் பத்து வயது மூத்தவள். முதல் நாளே தேதியைக் கணக்குப் போட்டாள். இடித்த வண்டி எதுவென்று தெரிந்தால் விபத்து நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் கோரிக்கை மனு போய்ச் சேர வேண்டும். இடித்துவிட்டு ஓடிப்போய், யார் என்றே தெரியாவிட்டால் இரண்டே வருடம். மனு கொடுத்து 120 நாள் காத்திருந்துதான் வழக்குப் போடலாம், ஆனால் விபத்திலிருந்து ஐந்து வருடம் தாண்டக் கூடாது. எங்களை இடித்த டாக்சி எதுவென்று தெரியாமல் போயிருந்தால் கதை கிட்டத்தட்ட முடிந்திருக்கும், இரண்டு வருடம் ஆக ஆறு வாரம்தான் பாக்கி. நல்லவேளை, தெருவில் பந்து விளையாடிய ஒரு பையன் நம்பர் பிளேட்டைப் போனில் படம் பிடித்து வைத்திருந்தான்.

வழக்கு என்றதும் வீட்டில் புயல். "உன் தங்கச்சி என் மேல கேஸ் போடறாளா?" என்று அத்தான் அக்காவிடம் கேட்டிருக்கிறார். நான்கு மாதம் பேச்சு இல்லை. தீபாவளிக்குத் தட்டு கூட மாற்றிக்கொள்ளவில்லை. வக்கீல் அத்தானை நேரில் வரச் சொல்லி விளக்கினாள். தென்னாப்பிரிக்காவில் பணம் தருவது வண்டி ஓட்டியவர் இல்லை, சாலை விபத்து நிதியம், ஆர்.ஏ.எஃப். அதற்குப் பணம் வருவது நாம் பெட்ரோல் போடும்போது லிட்டருக்கு இவ்வளவு என்று பிடிக்கும் வரியிலிருந்து. என் வழக்கு நடந்த 2021-ல் அது 2 ராண்ட் 18 காசு. நிதியத்துக்கான 1996-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 2008 ஆகஸ்ட் 1 முதல் ஒரு மாற்றம் வந்தது: காயம்பட்டவர் ஓட்டுநர் மேல் நேரடியாக வழக்குப் போடும் உரிமையையே எடுத்துவிட்டார்கள். அதை எதிர்த்து வக்கீல்கள் சங்கம் அரசியலமைப்பு நீதிமன்றம் வரை போனது. 2010-ல் நீதிமன்றம் இந்த மாற்றம் செல்லும் என்று சொல்லிவிட்டது. ஆக நான் ஆசைப்பட்டாலும் அத்தான் மேல் வழக்குப் போட முடியாது.

அத்தானுக்கு மூச்சு வந்தது. ஆனாலும் "நான் ஒரு தப்பும் பண்ணலை" என்பதில் அசையவில்லை. அதுவும் பரவாயில்லை என்றாள் வக்கீல். பயணி வழக்கில் இரண்டு ஓட்டுநரில் யாராவது ஒருவர் பக்கம் ஒரு சதவீதம் கவனக்குறைவு இருந்தாலே போதும், நிதியம் முழுத் தொகைக்கும் பொறுப்பு. டாக்சிக்காரர் அத்தானைச் சொல்லட்டும், அத்தான் டாக்சியைச் சொல்லட்டும், சும்மா உட்கார்ந்திருந்த பயணிக்கு அந்தச் சண்டை வேண்டாம். நானே வண்டி ஓட்டியிருந்தால் கதை வேறு. என் பங்கு தப்பு எத்தனை சதவீதமோ அத்தனையும் கழியும். அதற்கு 1956-லிருந்தே ஒரு சட்டம் இருக்கிறது.

சும்மா உட்கார்ந்திருந்த பயணிதான் நான். ஆனால் பெல்ட் போடாமல் உட்கார்ந்திருந்தேன். பெல்ட் போடாததும் ஒரு தப்பு, அதற்கும் பங்கு பிரிப்பார்கள். போட்டிருந்தால் காயம் குறைந்திருக்கும் என்று எதிர்த்தரப்புதான் நிரூபிக்க வேண்டும். எங்கள் எலும்பு டாக்டர் "பெல்ட் போட்டிருந்தாலும் கை முன்னால் போயிருக்கும்" என்றார். அவர்கள் டாக்டர் "இவ்வளவு வேகமாகப் போயிருக்காது" என்றார். கடைசியில் 90க்கு 10 என்று இரு பக்கமும் ஒத்துக்கொண்டோம். யார் பொறுப்பு என்ற இந்தப் பாதிக்கு வக்கீல்கள் மெரிட்ஸ் என்கிறார்கள். எவ்வளவு என்பதற்குக் குவான்டம். இரண்டாவதில்தான் உயிர் போயிற்று.

எவ்வளவு சம்பாதித்தீர்கள் என்று கேட்டார்கள். மாதம் எட்டாயிரம் ராண்ட் வரும் என்றேன். எப்படித் தெரியும் என்றார்கள். நோட்டில் இருக்கிறது என்றேன். நோட்டைக் கொடுங்கள் என்றார்கள். கொடுத்தேன். வக்கீல் திறந்து பார்த்துவிட்டு என்னையே பார்த்தாள்.

"ஆன்டி, இது தமிழா?"

தாத்தா எங்களுக்குக் கோயில் கூடத்தில் மாலை வகுப்பில் தமிழ் எழுதச் சொல்லிக்கொடுத்தார். வீட்டில் பேச்சு பாதி ஆங்கிலம். பிள்ளைகளுக்குப் படிக்க வராது. எழுத்து கையை விட்டுப் போய்விடக் கூடாதே என்று கணக்கை மட்டும் தமிழில் எழுதி வந்தேன். 2009 முதல் பதினொரு நோட்டு. "வெரூலம் பெரியம்மா, 21-ஆம் பிறந்தநாள், சமோசா 400, முன்பணம் 300" என்று வரிவரியாக. மாவு, எண்ணெய், கேஸ் செலவு எதிர்ப் பக்கத்தில். பேங்கில் பாதி கூடப் போட்டதில்லை. கையில் வரும், கையிலேயே போகும்.

தென்னாப்பிரிக்க அரசியலமைப்பில் தமிழின் பெயர் இருக்கிறது. ஆறாவது பிரிவில், மதித்து வளர்க்க வேண்டிய மொழிகளின் வரிசையில். ஆனால் ஆட்சிமொழி இல்லை. ஆட்சிமொழியில் இல்லாத எந்தக் காகிதமும் உயர் நீதிமன்றத்துக்குப் போவதென்றால், பிரமாணம் எடுத்த மொழிபெயர்ப்பாளர் ஒருவர் மொழிபெயர்த்துச் சான்று தர வேண்டும். தேடிப் பிடித்தோம், ஓய்வுபெற்ற ஆசிரியர். பதினொன்றும் வேண்டாம், விபத்துக்கு முந்தைய மூன்று வருட நோட்டு போதும் என்று முடிவாயிற்று. மொழிபெயர்ப்புக் கூலி பக்கத்துக்கு இவ்வளவு. வயிறு எரிந்தது. ஆனால் அந்தக் கூலி கொடுத்ததால்தான் வருமானம் என்று ஒன்று என் வழக்கில் இருந்தது.

நோட்டு மட்டும் போதவில்லை. மாவு மொத்தமாக வாங்கிய கடையின் ரசீது, கேஸ் சிலிண்டர் பில், வழக்கமாக ஆர்டர் தரும் நான்கு பேரின் பிரமாணப் பத்திரம் எல்லாம் சேர்ந்த பிறகுதான் நோட்டில் உள்ள எண்ணுக்கு உடம்பு வந்தது. வருமான வரி? வரம்பை என் வருமானம் கொஞ்சம் தாண்டியிருந்தது, நான் கணக்குக் காட்டியதே இல்லை. வழக்குக்கு முன்பே பழைய வருடங்களுக்கும் கணக்குத் தாக்கல் செய்ய வைத்தாள் வக்கீல். அபராதத்தோடு கட்டினேன். "கோர்ட்டில் அவர்கள் கேட்டுத் தெரிவதை விட நாமே சொல்லிவிடலாம் ஆன்டி." அவர்கள் கேட்கவும் செய்தார்கள். வீட்டிலிருந்து தொழில் செய்கிற பெண்கள் இந்த இடத்தை இரண்டு முறை படியுங்கள். அடிபட்டது எக்ஸ்ரேயில் தெரிந்துவிடும். அடிபடுவதற்கு முன் நீங்கள் யார் என்பது காகிதத்தில் இருந்தால்தான் தெரியும்.

அப்புறம் நிபுணர்கள் ஊர்வலம். எலும்பு டாக்டர் இரண்டு பேர், ஆளுக்கொரு பக்கம். உடம்புக்கு எந்த வேலை எவ்வளவு முடியும் என்று சோதிக்கும் ஆக்குபேஷனல் தெரபிஸ்ட், இனி என்ன வேலை பார்க்க முடியும் என்று சொல்லும் இண்டஸ்ட்ரியல் சைக்காலஜிஸ்ட், வருங்கால வருமானத்தைக் கணக்குப் போடும் ஆக்சுவரி. இவர்களில் எனக்கு மறக்காதவர் தெரபிஸ்ட். கைப்பிடிக் கருவி ஒன்றை அழுத்தச் சொன்னார். இடது கை 24 கிலோ, வலது கை 8. ஒரே முறை இல்லை, மாற்றி மாற்றிப் பல முறை. வேண்டுமென்றே மெதுவாக அழுத்துகிறவரின் எண்கள் தாறுமாறாக வருமாம். பிறகு எங்கள் சமையலறைக்கே வந்து மாவு பிசையச் சொல்லிக் கடிகாரம் பார்த்தார். ஏழாவது நிமிடம் கை நின்றுவிட்டது. நான் வெட்கப்பட்டு இடது கையால் தொடர்ந்தேன். "வேண்டாம், நிறுத்துங்கள், நிறுத்தியதுதான் எனக்கு வேண்டும்" என்றார். நம் பெண்கள் டாக்டர் முன்னால் "பரவாயில்லை, சமாளிச்சுக்கறேன்" என்று சொல்லியே பழகியவர்கள். அந்தப் "பரவாயில்லை" அறிக்கையில் ஏறிவிடும், ஜாக்கிரதை.

வலிக்கும் வேதனைக்கும் தரும் தொகைக்குத் தனியாக ஒரு வாசற்படி இருக்கிறது. 2008 மாற்றத்துக்குப் பிறகு காயம் 'கடுமையானது' என்று ஆனால்தான் அந்தத் தொகை. டாக்டர் ஆர்.ஏ.எஃப். 4 என்ற படிவத்தில் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் அளவுகோலை வைத்து உடல் முழுமைக்கும் எத்தனை சதவீதம் பாதிப்பு என்று போடுவார். 30 வந்தால் நேரே உள்ளே. ஒரு மணிக்கட்டுக்கு 30 எங்கே வரும்? எனக்கு அதில் பாதி கூட வரவில்லை. அதற்கு இன்னொரு கதவு: நீண்டகாலக் கடும் செயலிழப்பு, நிரந்தரமான பெரும் உருச்சிதைவு, கடுமையான மனப் பாதிப்பு, கரு இழப்பு இவற்றில் ஒன்று இருந்தால் சதவீதம் குறைந்தாலும் கடுமையானதாக எடுத்துக்கொள்ளலாம். ஒரே காயம் ஒரு குமாஸ்தாவுக்கு ஒரு விதம், கையால் பிழைக்கிறவளுக்கு வேறு விதம். எங்கள் படிவத்தை எதிர்த்தரப்பு ஏற்கவில்லை. இதில் கோபப்பட ஒன்றுமில்லை, சட்டமே அதற்கு வழி வைத்திருக்கிறது. 90 நாளுக்குள் மறுப்புத் தெரிவித்தால் டாக்டர்கள் அடங்கிய தனிக் குழு முடிவு சொல்லும். காயம் கடுமையானதா இல்லையா என்பதை நீதிபதி முடிவு செய்ய முடியாது. 2012-ல் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் அதைத் தெளிவாகவே சொல்லியிருக்கிறது. குழு என் பக்கம் சொன்னது. அதற்கு ஒரு வருடத்துக்கு மேல் ஆயிற்று.

2021 நவம்பரில் விசாரணை. கூண்டில் நின்றது நாற்பது நிமிடம்தான். எதிர்த்தரப்பு அட்வகேட் மிகவும் மரியாதையான மனிதர், குரலே உயர்த்தவில்லை. ஒரு படத்தை நீட்டினார். 2019 தீபாவளி. ஃபேஸ்புக்கில் என் மகள் போட்டது. முன்னால் ஆறு தட்டுப் பலகாரம், பின்னால் நான் சிரித்துக்கொண்டு. மேலே "எல்லாம் அம்மா கைவண்ணம்" என்று ஆங்கிலத்தில், மூன்று இதயத்தோடு.

"இதைச் செய்தது யார், மேடம்?"

செய்தது மகளும் உதவிக்கு வரும் சூலு இனத்து அம்மாவும். நான் பக்கத்தில் உட்கார்ந்து உப்புச் சரியா, பாகு பதமா என்று பார்த்தேன். உண்மையைச் சொன்னேன். "உங்கள் மகள் பொய் எழுதினாளா?" என்றார். "எங்கள் வீட்டில் அம்மா பக்கத்தில் நின்றாலே அம்மா கைவண்ணம்தான்" என்றேன். நீதிபதி அம்மையார் குனிந்து எழுதினார், சிரித்தாரா தெரியவில்லை. உதவிக்கு வருபவருக்குக் கொடுத்த சம்பளத்தை நோட்டில் மாதாமாதம் எழுதியிருந்தேன். அதுதான் காப்பாற்றியது. மகளைத் திட்டவில்லை. ஆனால் வழக்கு முடியும் வரை என் படம் எதிலும் போடாதே என்று சொல்ல எனக்கு முன்பே யாராவது புத்தி சொல்லியிருக்கலாம்.

இனி கணக்கு. விபத்தே நடக்காமல் இருந்தால் 65 வயது வரை நான் சம்பாதிக்கக்கூடியது, வரி போக, இன்றைய மதிப்பில் 16,80,000 ராண்ட் என்று ஆக்சுவரி போட்டார். (எங்கள் ஊரில் லட்சம் கிடையாது, 1.68 மில்லியன் என்போம்.) இந்தக் கையோடு, உதவிக்கு ஆள் வைத்து, குறைந்த ஆர்டரில் சம்பாதிக்கக்கூடியது 8,40,000. பாதிக்குப் பாதி. இரண்டையும் கழித்தால் முடிந்தது என்று நினைத்தேன். அதற்கு மேல்தான் நீதிபதியின் வேலை.

நாளை யார் கண்டார்கள்? விபத்து நடக்காவிட்டாலும் நான் நோயில் படுத்திருக்கலாம், வியாபாரம் படுத்திருக்கலாம். அதற்காக முதல் எண்ணில் கொஞ்சம் கழிப்பார்கள். கன்டிஞ்சென்சி என்று பெயர். எதிர்காலத்துக்கு 15 சதவீதம், கடந்த காலத்துக்கு 5 என்பது வழக்கமாகப் புழங்கும் எண், சட்டம் இல்லை. அடிபட்ட கையோடு பிழைப்பது இன்னும் நிச்சயமற்றது, ஆகவே இரண்டாவது எண்ணில் அதிகம் கழிக்கச் சொல்லி எங்கள் பக்கம் 30 கேட்டது. அதில் எவ்வளவுக்கெவ்வளவு கழிகிறதோ அவ்வளவுக்கவ்வளவு எனக்குக் கிடைக்கும் நஷ்டஈடு கூடும். நீதிபதி 25 கொடுத்தார். முதல் எண் 14,28,000 ஆயிற்று, இரண்டாவது 6,30,000. வித்தியாசம் 7,98,000. 30 கொடுத்திருந்தால் 8,40,000. அந்த ஐந்து சதவீதப் புள்ளிக்கு 42,000 ராண்ட்! எந்தச் சாட்சியும் அந்த ஐந்தைப் பற்றிப் பேசவில்லை. தீர்ப்பில் அவர் 1984-ல் வந்த சதர்ன் இன்ஷூரன்ஸ் எதிர் பெய்லி வழக்கைக் காட்டினார். வருங்காலச் சம்பாத்தியத்தைக் கணிப்பது ஊகம்தான், கோர்ட்டிடம் ஸ்படிகப் பந்தும் இல்லை, குறி சொல்பவரும் இல்லை, அதற்காகக் கையை விரித்துவிடவும் முடியாது என்பது அதன் சாரம். வக்கீல் இதை விளக்கியபோது என் வீட்டுக்காரர், "குறி சொல்றவர் நம்ம கோயில்லயே இருக்காரே, கூட்டிட்டு வந்திருக்கலாம்" என்றார்.

கடந்த காலத்துக்கு 2,60,000. நாங்கள் கேட்டது அதிகம். 2020 ஊரடங்கு மாதங்களை நீதிபதி கழித்துவிட்டார். கல்யாணமும் இல்லை, பிறந்தநாளும் இல்லை, கை நன்றாக இருந்திருந்தாலும் யாருக்குச் சமோசா விற்றிருப்பீர்கள் என்றார். பதில் சொல்ல முடியாத கேள்வி.

வலிக்கும் இழந்த சுகத்துக்கும் 3,00,000. இதற்கு அட்டவணை எதுவும் கிடையாது. இரு பக்க அட்வகேட்டும் பழைய மணிக்கட்டு வழக்குகளை நகலெடுத்து அடுக்குகிறார்கள், அன்று கொடுத்த தொகையை இன்றைய விலைவாசிக்கு ஏற்றிச் சொல்கிறார்கள். எங்கள் பக்கம் பெரிய தொகையாகத் தேடி எடுத்திருந்தது, அவர்கள் பக்கம் சின்னதாக. நீதிபதி நடுவில் எங்கோ கோடு போடுகிறார். 1957-லேயே ஹோம்ஸ் என்ற நீதிபதி, தொகை இரு தரப்புக்கும் நியாயமாக இருக்க வேண்டும், எதிராளியின் பணத்தில் வாரி வழங்கக் கூடாது என்று சொல்லிவைத்தது இன்றும் எல்லாத் தீர்ப்பிலும் வருகிறது. காவடிக்கு வருடா வருடம் நான் பால்குடம் எடுப்பேன், இப்போது இரண்டு கையால் தலைக்கு மேல் தூக்கி வைக்க முடியவில்லை என்று சொன்னதைத் தீர்ப்பில் ஒரு வரியாக எழுதியிருந்தார். நானே அதைப் பெரிதாகச் சொல்லவில்லை. தெரபிஸ்ட் கேட்டதற்குப் பதில் சொன்னேன், அவ்வளவுதான்.

மொத்தம் 13,58,000. அதில் பத்து சதவீதம் வடைத் தட்டுக்கு.

வெற்றி பெற்றால்தான் கட்டணம் என்ற ஒப்பந்தத்தில் வக்கீல் எடுக்கக்கூடியதற்கு 1997-ஆம் ஆண்டுச் சட்டம் வரம்பு வைத்திருக்கிறது: சாதாரணக் கட்டணத்தின் இரண்டு மடங்கு அல்லது கிடைத்த தொகையில் 25 சதவீதம், இதில் எது குறைவோ அது. பலரும் 25-ஐ மட்டும் சொல்வார்கள். "எது குறைவோ" என்ற பாதியைக் கேட்டு வாங்குங்கள். எனக்கு இரண்டு மடங்குதான் குறைவாக வந்தது.

இனி வரும் வைத்தியத்துக்குப் பணமாக இல்லை, உத்தரவாதச் சான்றிதழ்தான் கிடைத்தது. பிளேட்டை எடுக்க, பின்னால் மணிக்கட்டு மூட்டை இறுக்கி இணைக்கும் அறுவை வேண்டுமானால் அதற்கு. செலவு ஏற்பட்ட பிறகு பில்லைக் காட்டி வாங்க வேண்டும், அதிலும் 90 சதவீதம். சான்றிதழை மட்டும் பத்திரமாக வையுங்கள். நான் சாமி அறையில் பீரோவில் வைத்திருக்கிறேன், பில்லுக்கென்று ஒரு கவரும் கூடவே. மற்றபடி ஒரு முறை தீர்ப்பானால் ஆனதுதான், கை மோசமாகிவிட்டது என்று சொல்லி வருமான நஷ்டத்துக்குத் திரும்பப் போக முடியாது. அவசரப்பட்டு முதல் வருடமே குறைந்த தொகைக்குச் சரி சொல்லாமல் இருந்ததற்கு அது ஒரு காரணம். மூட்டுத் தேய்வு மூன்றாவது வருடம்தான் எக்ஸ்ரேயில் தெரிந்தது.

அத்தான் இப்போது பேசுகிறார். பக்கியில் ஏறினால் அவரே பெல்ட்டை இழுத்து நீட்டுகிறார், ஒரு வார்த்தை சொல்லாமல். தட்டு பின்னால் போகிறது.

நோட்டுகள் திரும்பி வந்தபோது மொழிபெயர்ப்பின் நகலும் கூட வந்தது. புரட்டிப் பார்த்தேன். 2014 நோட்டின் கடைசி இரண்டு பக்கத்தில் ஆயா சொல்லச் சொல்ல நான் எழுதி வைத்த அதிரசப் பக்குவம் இருந்தது, மறந்தே போயிருந்தேன். நோட்டு முழுவதையும் விடாமல் மொழிபெயர்க்க வேண்டும் என்று அந்த ஆசிரியர் அதையும் விடவில்லை. "வெல்லப் பாகை நீரில் விட்டால் உருண்டை நிற்க வேண்டும்" என்பது வரை நல்ல ஆங்கிலத்தில் இருக்கிறது, கீழே பிரமாணம், கையெழுத்து, முத்திரை. அந்த இரண்டு பக்கத்துக்கும் கூலி வாங்கியிருக்கிறார்.